செய்முறையில் போட்டிருந்தபடியே செய்தேன், ஏன் வரவில்லை? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வீட்டில் அடுப்படி என் கைக்கு வந்து ஆறு வருடம் ஆகிறது. மனைவிக்கு ஷிப்ட் வேலை, எனக்கு வீட்டிலிருந்தே வேலை. யார் வீட்டில் இருக்கிறோமோ அவர் சமைப்பது என்று ஒப்பந்தம் போட்டோம். அது எனக்கு வெட்டிய குழி என்று பிறகுதான் புரிந்தது. அம்மா மதுரையில், நான் சென்னையில். ஆகவே நான் சமையல் படித்தது பத்திரிகை இணைப்புகளில், யூடியூபில், மாவு பாக்கெட்டின் பின்பக்கத்தில். பட்ட பாட்டை வெளியே சொல்லப் போக, இப்போது மேல்வீட்டுத் தம்பியும் பெங்களூருத் தங்கையும் ஆபீஸ் நண்பர்களும் சந்தேகம் என்றால் எனக்குத்தான் போன் போடுகிறார்கள். ஒரே பதிலை எத்தனை தடவை சொல்வது? எழுதி வைத்துவிட்டேன்.

வெங்காயத்தை 5 நிமிடம் பொன்னிறமாக வதக்கச் சொல்கிறார்கள். எனக்கு 5 நிமிடத்தில் கண்ணாடி மாதிரிதான் ஆகிறது. அடுப்பில் கோளாறா?

அடுப்பு நன்றாகத்தான் இருக்கிறது. எழுதியவர்தான் பொய் சொல்கிறார். சமையல் குறிப்பு எந்த மொழியில் எழுதப்பட்டாலும் அதில் தவறாமல் இருக்கிற பொய் இது.

வெங்காயத்தில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். அது வற்றுகிற வரை வெங்காயத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. நிறம் ஏறுவது 140 டிகிரியை நெருங்கும்போதுதான். எனக்கு எதையும் அளந்து பார்க்கிற வியாதி உண்டு. மூன்று பெரிய வெங்காயத்தை நீளமாக அரிந்து போட்டு, மிதமான தீயில் செல்போன் டைமரை வைத்துக்கொண்டு நின்றேன். 5 நிமிடத்தில் சுருங்கிக் கண்ணாடியானது. 12இல் ஓரங்கள் மட்டும் லேசாகச் சிவந்தன. 18இல் பொன்னிறம். 20ஆவது நிமிடம் கரம் மசாலா டப்பாவைத் தேட அலமாரிப் பக்கம் திரும்பினேன். டப்பாவோடு திரும்பிப் பார்த்தால் கரி.

அதுவரை ஆமையாக நகர்ந்தது கடைசி இரண்டு நிமிடத்தில் முயலாகிவிடும். அதனால் டப்பாக்களை முதலிலேயே எடுத்து வரிசையாக வையுங்கள். ஒரு சிட்டிகை உப்புப் போட்டால் தண்ணீர் சீக்கிரம் வெளியே வரும். பொன் என்றால் 22 காரட்டா கவரிங்கா என்ற கேள்விக்கு மட்டும் என்னிடம் பதில் இல்லை.

'உப்பு: தேவையான அளவு.' எவ்வளவுதான் தேவை?

என் முக்கியமான கோபமே இதில்தான். கண்ணால் பார்த்து முடிவு செய்யவேண்டிய வெங்காயத்துக்கு நிமிடக் கணக்குப் போடுவார்கள். எண்ணாகச் சொன்னால் உயிர் பிழைப்போம் என்கிற உப்புக்குத் 'தேவையான அளவு' என்பார்கள்.

நான் வைத்திருக்கும் கணக்கு: குழம்பானாலும் பொரியலானாலும் மொத்த எடையில் 1 சதவீதத்தில் ஆரம்பிப்பது. சோற்றில் பிசைந்து சாப்பிடுகிற குழம்பு என்றால் கொஞ்சம் மேலே போகலாம், ஏனென்றால் நம் சோற்றில் உப்பு இல்லை. தூள் உப்பு ஒரு டீஸ்பூன் சமமாக வழித்து எடுத்தால் சுமார் 6 கிராம். ஒரு லிட்டர் சாம்பாருக்கு ஒன்றரை டீஸ்பூனில் தொடங்கி, கொதித்தபின் நாக்கில் விட்டுப் பார்த்து மிச்சத்தைப் போடுங்கள். கல் உப்பானால் அதே ஸ்பூனில் எடை குறைவாகத்தான் இருக்கும், கல்லுக்குக் கல் இடைவெளி இருக்கிறதே. அம்மாக்கள் கல் உப்பைக் கையால் அள்ளிப் பழகியவர்கள். அவர்கள் சொல்கிற 'ஒரு கை' அளவை நீங்கள் தூள் உப்பில் அள்ளினால் அன்றைக்கு எல்லோருக்கும் தயிர் சாதம்தான்.

டீஸ்பூன், டேபிள்ஸ்பூன் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதானே?

டீஸ்பூன் 5 மில்லி, டேபிள்ஸ்பூன் 15 மில்லி. ஆஸ்திரேலியாவில் டேபிள்ஸ்பூன் 20 மில்லி. குறிப்புகளில் 'டீ.ஸ்', 'டே.ஸ்' என்று சுருக்கி எழுதுகிற வழக்கம் வேறு. கண்ணாடி போடாமல் நான் காரக்குழம்புக் குறிப்பில் 'டீ'யை 'டே' என்று படித்தேன். இரண்டு டீஸ்பூன் மிளகாய்த்தூள் ஆறானது. மாமனார் வந்திருந்த நாள். மனிதர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. நெற்றியை மட்டும் துடைத்துத் துடைத்துச் சாப்பிட்டார். "மாப்ள, ரசம் இருக்கா?" என்றார் கடைசியில்.

எலுமிச்சை அளவு புளி என்றால் எவ்வளவு?

நம் பழைய அளவுகோல்கள் தோட்டத்திலும் காய்கறிக் கூடையிலும் பிறந்தவை. சுண்டைக்காய் அளவு பெருங்காயம், கொட்டைப்பாக்கு அளவு வெல்லம், நெல்லிக்காய் அளவு புளி, எலுமிச்சை அளவு புளி. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் கொட்டைப்பாக்கை நேரில் பார்த்திராத ஆளிடம் கொட்டைப்பாக்கு அளவு என்றால் அவன் என்ன செய்வான்? நெல்லிக்காய் என்றால் அரைநெல்லியா, பெருநெல்லியா? இஞ்சிக்குக் 'கட்டைவிரல் அளவு' என்கிறார்களே, யாருடைய கட்டைவிரல்?

எலுமிச்சை மட்டும் நிலையாகவா இருக்கிறது? கோடையில் கடையில் கிடைப்பது கோலிக்குண்டு, மழைக்காலத்தில் பந்து. புளியை இறுக்கி உருட்டினால் ஒரு எடை, பிய்த்துப் போட்டு உருட்டினால் இன்னொரு எடை. என் சமையலறைத் தராசில் இறுக்கிய உருண்டை 40 கிராம், தளர்வான உருண்டை 25 கிராம். குழம்பு ஒன்று, குறிப்பு ஒன்று, புளிப்பில் ஒன்றரை மடங்கு வித்தியாசம். போதாததற்குப் புதுப்புளி வேறு, பழம்புளி வேறு. பழம்புளி கறுத்து இருக்கும், அதைக் குறைத்துத்தான் கரைக்க வேண்டும். குறிப்பில் எது என்று ஒருநாளும் போடமாட்டார்கள்.

நான்கு பேர் சாம்பாருக்கு 20 கிராம், வத்தக்குழம்புக்கு 40 என்று வைத்திருக்கிறேன். கரைத்த தண்ணீரை முழுதும் ஊற்றாமல் கால் டம்ளர் நிறுத்தி வையுங்கள். போதாவிட்டால் ஊற்றலாம். கூடிவிட்டால் வெல்லம், தண்ணீர், பருப்பு என்று ஓடி, நாலு பேர் சாம்பார் எட்டு பேர் சாம்பாராகும்.

கப் என்றால் எந்தக் கப்?

அமெரிக்கக் குறிப்பில் கப் என்பது சுமார் 240 மில்லி, ஆஸ்திரேலியாவில் 250. ரைஸ் குக்கரோடு வருகிற பிளாஸ்டிக் கப் பெரும்பாலும் 180, அது ஜப்பான் கணக்கு. நம் வீட்டுக் காபி டம்ளர் எதிலும் சேராது.

பொங்கல், உப்புமா, கேசரி மாதிரி ஒன்றுக்கு ரெண்டு, ஒன்றுக்கு மூன்று என்று விகிதத்தில் போகிற சமையலுக்கு எந்தக் கப்பும் சரி, முதலிலிருந்து கடைசி வரை அதையே பிடித்துக்கொண்டால். வம்பு வருவது '1 கப் மைதா, 100 கிராம் வெண்ணெய்' என்று கலந்து எழுதும்போது. மைதாவைத் தளர்வாக அள்ளினால் கப்புக்கு 120 கிராம், அமுக்கி அள்ளினால் 150. கேக் செய்கிறவர்கள் தராசு வாங்கிவிடுங்கள். கேக்கில் தப்பினதைத் தண்ணீர் ஊற்றிச் சரிசெய்ய முடியாது.

பருப்புக்கு 4 விசில் என்றார்கள். 4 விசிலுக்குப் பிறகும் பருப்பு பல்லில் படுகிறது.

விசில் என்பது நேரமே அல்ல. உள்ளே அழுத்தம் அளவுக்கு மேல் போனதும் வெயிட் எழும்பி ஆவியை விடுகிறது, அவ்வளவுதான். அந்த அழுத்தத்தில் தண்ணீர் 120 டிகிரி வாக்கில் கொதிக்கும். பருப்பு வேகிறது அந்தச் சூட்டில் எத்தனை நிமிடம் இருந்தது என்பதைப் பொறுத்து. தீயைக் கூட்டினால் விசில் சடசடவென்று வரும், பருப்புக்கு என்ன லாபம்? எங்கள் 2 லிட்டர் குக்கரில் 3 விசில் 6 நிமிடத்தில் முடிந்தது. 5 லிட்டர் குக்கரில் அதே 3 விசிலுக்கு 14 நிமிடம். கேஸ்கட் தளர்ந்திருந்தால் விசிலே வராது, கருகின வாசம்தான் வரும். சில குக்கர்களோடு வருகிற கையேட்டிலேயே நிமிடக் கணக்குத்தான் போட்டிருக்கிறார்கள். நம் வீட்டில் யார் கையேட்டைப் பிரித்தார்கள்?

துவரம்பருப்பை அரைமணி ஊறவைத்து, முதல் விசில் பெரிய தீயில் வந்ததும் சிம்மில் 10 நிமிடம். அணைத்த பிறகு வெயிட்டைத் தூக்காமல் தானாக அடங்க விடுங்கள். அதுவும் வேகிற நேரம்தான்.

அடுக்ககத்தில் இருப்பவர்களுக்கு விசில் எண்ணுவதில் இன்னொரு ஆபத்து உண்டு. ஒருநாள் மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தபோது, காதில் விழுந்த விசிலையெல்லாம் ஒழுங்காக எண்ணி, நாலு ஆனதும் அணைத்தேன். அதில் இரண்டு எதிர்வீட்டுக் குக்கருடையது.

'பச்சை வாசனை போகும் வரை', 'எண்ணெய் பிரிந்து வரும் வரை' வதக்குவது எப்படி?

பச்சை வாசனை போவது தெரிய, முதலில் பச்சை வாசனை எதுவென்று தெரிந்திருக்க வேண்டும். அது தெரிந்தவருக்குக் குறிப்பு எதற்கு? இஞ்சி பூண்டு விழுதைப் போட்ட நொடியில் வாணலி மேல் குனிந்து ஒரு தடவை முகர்ந்து வையுங்கள். மூக்கில் குத்துகிறதே, அதுதான். இரண்டு மூன்று நிமிடம் கழித்து அந்தக் குத்தல் இருக்காது.

எண்ணெய் பிரிவது என்றால் தக்காளியின் தண்ணீர் வற்றி, எண்ணெய் ஓரத்தில் தனியே மினுங்குவது. ஆனால் பாருங்கள், தேவையான பொருட்களில் 'எண்ணெய் 1 டீஸ்பூன், உடம்புக்கு நல்லது' என்று போட்டுவிட்டு, செய்முறையில் 'எண்ணெய் பிரியும் வரை' என்பார்கள். இருந்தால்தானே பிரியும்? நானும் ஒரு டீஸ்பூன் எண்ணெய் பிரியட்டும் என்று நின்றிருக்கிறேன். வாணலியின் அடிதான் பிரிந்தது.

வட இந்தியக் குறிப்பில் 10 காய்ந்த மிளகாய் என்று இருந்தது. போட்டேன். பிள்ளைகள் அழுகிறார்கள்.

அவர்கள் சொன்னது காஷ்மீரி மிளகாய். நிறத்துக்குப் போடுவது, காரம் குறைவு. நீங்கள் போட்டது குண்டூர். மூன்றோடு நிறுத்தியிருக்கலாம். இப்போதைக்குத் தயிர் கொடுங்கள்.

எல்லாவற்றையும் எடுத்து வைத்து ஆரம்பித்த பிறகு, நான்காவது படியில் '8 மணிநேரம் ஊறவைத்த கொண்டைக்கடலையைச் சேர்க்கவும்' என்கிறார்கள்.

ஆமாம், என்பார்கள். கடைசி வரி வரை படிக்காமல் அடுப்பைப் பற்றவைக்காதீர்கள். வீடியோவானால் இன்னும் மோசம். 'ஸ்கிப் பண்ணாம பாருங்க' என்று சொல்லிவிட்டு, ஊறின கடலையைக் கிண்ணத்தோடு மேசையின் அடியிலிருந்து அவர்கள்தான் எடுப்பார்கள்.

கைநிறைய மாவு. செல்போன் திரை அணைந்துவிட்டது. என்ன செய்ய?

மூக்கால் தட்டலாம். வேலை செய்கிறது.

இட்லி மாவு ஒரே இரவில் பொங்கிவிடும் என்றார்கள். பெங்களூரில் பொங்கவில்லை. (தங்கையின் கேள்வி)

நாலு பங்கு அரிசி, ஒரு பங்கு உளுந்து, கல் உப்பு, கையால் கரைத்தல் எல்லாம் சரியாகத்தான் செய்தாளாம். மாவைப் பொங்க வைப்பது உளுந்திலும் அரிசியிலும் ஒட்டிக்கொண்டு வருகிற பாக்டீரியா. அதற்குக் கிட்டத்தட்ட 30 டிகிரி வெதுவெதுப்பு வேண்டும். சென்னையில் அதைக் கேட்காமலே தருகிறது வானம். மார்கழி மாதப் பெங்களூரில் 8 மணிநேரம் என்பது 16 ஆகும். 'இரவில் கரைத்து வைத்தால் காலையில் தயார்' என்று எழுதின ஆள் எந்த ஊரில் உட்கார்ந்து எழுதினார் என்பது அந்த வரியிலேயே அடங்கியிருக்கிறது. மைக்ரோவேவ் அவனை ஓட்டாமல், உள்ளே ஒரு பாத்திரம் வெந்நீரும் மாவுப் பாத்திரமும் வைத்துக் கதவைச் சாத்து என்றேன். பொங்கிற்று.

அதே குறிப்பை நான் மே மாதம் சென்னையில் பின்பற்றினேன். காலையில் பாத்திரத்தில் பாதி மாவு, மேடையில் மீதி மாவு. மேடையிலிருந்து வடிந்தது அரிசி டின்னுக்குள் போயிருந்தது. பாத்திரத்தைப் பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள்.

பாட்டியின் நோட்டில் ஆழாக்கு, பலம், வீசை என்று இருக்கிறது. எப்படி மாற்றுவது?

எடை சுலபம். பலம் என்பது சுமார் 35 கிராம், 8 பலம் ஒரு சேர், 40 பலம் ஒரு வீசை, அதாவது 1.4 கிலோ. அளவைதான் தலைவலி. 8 ஆழாக்கு ஒரு படி என்பதில் சண்டை இல்லை. படி எவ்வளவு என்பதில் ஊருக்கு ஊர் சண்டை. பெரிய படி, சின்னப் படி என்று இரண்டும் ஒரே சந்தையில் இருந்திருக்கின்றன. வீட்டில் பழைய ஆழாக்கு இருந்தால் தண்ணீர் ஊற்றி அளந்துவிடுங்கள். எங்கள் வீட்டுப் பித்தளை ஆழாக்கு 190 மில்லி பிடிக்கிறது.

1956இல் எடை அளவுச் சட்டம் வந்து, அடுத்த சில ஆண்டுகளில் கடைக்குக் கிலோவும் லிட்டரும் வந்துவிட்டன. எங்கள் பாட்டியின் அடுக்களைக்குள் அவை நுழையவே இல்லை. அவர் நோட்டில் அதிரசத்துக்கு எழுதியிருப்பது முழுமையாக இதுதான்: 'பச்சரிசி 1 படி, வெல்லம் 1 வீசை, பதம் பார்த்துக்கொள்ளவும்.'

4 பேருக்கான குறிப்பை 8 பேருக்குச் செய்ய எல்லாவற்றையும் இரட்டித்தால் போதுமா?

போதாது, சில இடத்தில் அதிகம். அரிசி இரட்டித்தால் தண்ணீரை அப்படியே இரட்டிக்க வேண்டியதில்லை. ஆவியாகப் போகிற தண்ணீர் அரிசிக்கு ஏற்றபடி கூடாது. உப்பும் காரமும் முதலில் ஒன்றரை மடங்கு, பிறகு ருசி பார்த்து மிச்சம். முக்கியமாக, உருளைக்கிழங்கு வறுவலை ஒரே வாணலியில் இரட்டிக்காதீர்கள். கூட்டம் சேர்ந்தால் கிழங்கு விடுகிற தண்ணீர் போக வழியில்லாமல் அதிலேயே அவிந்துவிடும். வறுவல் கேட்டவருக்கு மசியல் பரிமாறிய அனுபவம் எனக்கு உண்டு.

இவ்வளவு பாடுபடுவதற்கு அம்மாவிடமே கேட்டுவிடலாமே?

கேட்டேன். அவியலுக்காக. உரையாடல் இப்படிப் போனது:

"அம்மா, தயிர் எவ்வளவு?"

"தேவைக்கு ஊத்துப்பா."

"அதான் எவ்வளவு தேவை?"

"பாத்தா தெரியும்ல."

"எவ்வளவு நேரம் கொதிக்கணும்?"

"ஐயையோ, கொதிக்க விட்றாத, திரிஞ்சு போகும்."

"அப்ப எப்ப இறக்கணும்?"

"அது கொதிக்கப் போற மாதிரி ஒரு பாவனை காட்டும் பாரு, அப்ப இறக்கிரணும்."

அன்றைக்குச் சிரித்தேன். ஆனால் தயிர் ஊற்றியபின் வாணலி முன்னால் நின்றபோது, ஓரத்தில் சின்னச் சின்னதாக நுரை கூடி, நடுவில் ஒரு அசைவு வந்தது. கொதிக்கப் போகிற பாவனை என்பதற்கு அதைவிடச் சரியான சொல் எனக்கு இன்றுவரை கிடைக்கவில்லை. தயிர் திரியவில்லை.

தீபாவளிக்கு மைசூர் பாகு செய்யலாமா? நீங்கள் செய்தது என்ன ஆயிற்று?

இது என்னை மட்டம் தட்டவே கேட்கப்படும் கேள்வி. சொல்கிறேன்.

கடலை மாவு 1 கப், சர்க்கரை 2 கப், நெய் 2 கப். முதல் படியே 'ஒரு கம்பிப் பதம் வரும் வரை பாகு காய்ச்சவும், விரலால் தொட்டுப் பார்க்கவும்.' தொட்டேன். பாகு அப்போது 105 டிகிரிக்குப் பக்கம். ஒரு சொட்டைத் தட்டில் விட்டு, ஆறியபின் தொட வேண்டும் என்பதை எழுதவேண்டியவர் எழுதவில்லை. விரலைக் குழாயடியில் பிடித்துக்கொண்டு மனைவியைத் தொட்டுப் பார்க்கச் சொன்னேன். அவர் புத்திசாலி, தட்டில் விட்டுத் தொட்டார். கம்பி விட்டது என்றார். அறுந்துவிட்டது என்றேன் நான். வாதம் முடிவதற்குள் அது இரண்டு கம்பிக்குப் போயிருக்க வேண்டும்.

மாவைத் தூவிக் கட்டியில்லாமல் கிளறினேன். 'நெய்யைச் சிறிது சிறிதாகச் சேர்த்துக் கிளறவும். பூத்து வரும்போது தட்டில் கொட்டவும்.' நெய் சேர்க்கச் சேர்க்கக் குடித்தது. நானும் பூக்கும் பூக்கும் என்று 25 நிமிடம் கிளறினேன், கை மாற்றிக் கை மாற்றி. பூக்கவே இல்லை. ஒரு கட்டத்தில் கரண்டியைத் தூக்கினால் மொத்தமும் கரண்டியோடு வந்தது.

தட்டில் அமுக்கி ஆறவைத்துக் கத்தி போட்டால் இறங்கவில்லை. சப்பாத்திக் கட்டையால் கத்தி முதுகில் தட்டித்தான் துண்டு போட்டேன். தங்கை மகன் ஒரு துண்டைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு காலையிலிருந்து மத்தியானம் வரை பட்டாசு வெடித்தான்.

அப்படியானால் பாகு முற்றியதுதான் காரணமா?

நானும் ஒரு வாரம் அப்படித்தான் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். கம்பிப் பதம் பற்றி ஒரு சொற்பொழிவே தயார் செய்துவிட்டேன். அதற்குள் அம்மாவுக்கு வாட்ஸப்பில் படம் போயிருந்தது. நான்கு வினாடிக் குரல் பதிவு ஒன்று வந்தது: "நெய்யக் காய்ச்சித்தான ஊத்துன?"

நெய் புகையப் போகிற சூட்டில் விழுந்தால்தான் மாவு பாகுக்குள்ளேயே பொரியுமாம். உள்ளிருக்கும் ஈரம் ஆவியாகச் சீறிக்கொண்டு வெளியேறும். அது போன வழிதான் மைசூர் பாகில் நாம் பார்க்கிற ஓட்டைகள். குறிப்பைத் திரும்ப எடுத்து, இந்தத் தடவை கண்ணாடி போட்டுக்கொண்டு, வரி வரியாகப் பார்த்தேன். 'நெய் 2 கப்' என்பதற்கு மேல் ஒரு சொல் இல்லை. அன்றைக்கு ஐப்பசி மழை. பாட்டிலில் நெய் உறைந்திருந்தது. நான் ஸ்பூனால் தோண்டித் தோண்டிப் போட்டிருந்தேன்.